குதிரைக்குக் கால் வலிக்காதா?

கிழக்குக் கடற்கரைச் சாலையில் சென்னையிலிருந்து புதுச்சேரிக்குப் போயிருக்கிறீர்களா? மரக்காணத்தை நெருங்கும்போது சாலையை ஒட்டி உப்பளங்கள் விரியத் தொடங்கும். பாத்தி பாத்தியாக உவர்நீர். வரப்பு ஓரங்களில் குவியல் குவியலாக உப்பு. கோடை வெயிலில் அந்த வெண்மை கண்ணைக் கூசவைக்கும். அதைத் தாண்டித் தெற்கே இன்னும் சிறிது தூரம் போனால் கீழ்ப்புத்துப்பட்டு. கடலுக்குப் பக்கத்தில் இப்படி ஒரு காடா என்று வியக்கும்படி மரங்கள் அடர்ந்த கோயில் காடு. அந்தக் காட்டின் நிழலில், பூரணை, புஷ்கலை சமேதராக மஞ்சனீஸ்வரர் ஐயனார் கோயில் கொண்டிருக்கிறார். சுற்றுவட்டாரத்தில் பல குடும்பங்களுக்கு அவர்தான் குலதெய்வம்.

சில வருடங்களுக்கு முன் அங்கே தரிசனம் முடித்து வெளியே வந்தபோது, ஒரு பெரியவர் தன் பேத்திக்கு ஐயனாரின் குதிரையைக் காட்டிக்கொண்டிருந்தார்.

''ராத்திரியானா ஐயனாரப்பன் குதிரை மேல ஏறிக் கெளம்பிடுவாரும்மா. ஊரு எல்லை, ஏரிக்கரை எல்லாம் சுத்திக் காவல் காத்துட்டு, விடியறதுக்குள்ள திரும்பி வந்துடுவாரு.''

குழந்தை குதிரையின் காலைத் தொட்டுப் பார்த்தது. பிறகு கேட்டது: ''ராத்திரி பூரா ஓடுதே தாத்தா, குதிரைக்குக் கால் வலிக்காதா?''

பெரியவர் சிரித்துவிட்டார். ''சாமி குதிரைக்கு வலிக்குமா? வா வா, பஸ்ஸுக்கு நேரமாச்சு'' என்று கையைப் பிடித்து அழைத்துப் போனார். அந்தக் குழந்தை திரும்பித் திரும்பிக் குதிரையையே பார்த்துக்கொண்டு போனது.

அன்பர்களே, அந்தக் கேள்வி என்னோடு வீடு வரை வந்துவிட்டது. நாம் எத்தனையோ முறை ஐயனாரைக் கும்பிட்டிருக்கிறோம். பெருமாளைக் குதிரை வாகனத்தில் சேவித்திருக்கிறோம். ஒரு நாளாவது இப்படிக் கேட்டிருக்கிறோமா? குழந்தை கேட்டது விளையாட்டுக் கேள்வி அல்ல. அதற்கு நம் புராணங்களிலேயே பதில் இருக்கிறது. அதை இன்று உங்களோடு சேர்ந்து சிந்திக்கலாம் என்றுதான் இந்தக் கட்டுரை.

கடல் கடந்து வந்த விருந்தாளி

முதலில் இந்தக் கரையைப் பற்றி ஒரு வார்த்தை. மரக்காணம் நேற்று முளைத்த ஊர் அல்ல. ஊருக்குள் பூமீசுவரர் கோயிலின் சுவர்களில் சோழர் காலக் கல்வெட்டுகள் இருக்கின்றன. அதற்கும் பல நூற்றாண்டுகளுக்கு முன், பத்துப்பாட்டில் ஒன்றான சிறுபாணாற்றுப்படை இந்தப் பகுதியைப் பாடியிருக்கிறது. ஓய்மாநாட்டை ஆண்ட நல்லியக்கோடன்தான் அதன் நாயகன். அவனுடைய கிடங்கில், இன்றைய திண்டிவனத்தில் அடங்கிவிட்டது. அந்த நூலில் வரும் எயிற்பட்டினம் என்ற கடற்கரைப் பட்டினம், மரக்காணம்தான் என்று அறிஞர்கள் பலர் கருதுகிறார்கள். உப்பு விற்கப் போகும் உமணர்களின் மாட்டுவண்டிகளும் அதில் வருகின்றன. அன்றும் இது உப்புக் கரைதான்!

அதே நூல் கடையெழு வள்ளல்களையும் வரிசையாக நினைவுகூர்கிறது. அவர்களில் ஒருவன் காரி. திருக்கோவலூரை ஆண்ட மலையமான். அவன் ஏறும் குதிரைக்கும் காரி என்றே பெயர். அவனோடு போரிட்ட வள்ளல் ஓரி. அவன் குதிரைக்கும் ஓரி என்றே பெயர்! பெயரைப் பகிர்ந்துகொள்வது என்றால் சாதாரண விஷயமா? நம் வீட்டில் யாருக்கு நம் பெயரை வைப்போம்? பேரப்பிள்ளைக்குத்தானே! அந்த இடத்தில் குதிரையை வைத்திருந்தார்கள் அந்த மன்னர்கள். காரியோ, தன்னை நாடி வந்தவர்களுக்குக் குதிரையையும் கொடுத்து, அதோடு குளிர்ந்த சொல்லையும் கொடுத்தான் என்கிறது அந்த நூல்.

ஆனால், குதிரை நம் மண்ணில் தோன்றிய பிராணி அல்ல. கருங்கடலுக்கும் காஸ்பியன் கடலுக்கும் வடக்கே பரந்து கிடக்கும் புல்வெளிகளில், சுமார் 4,200 ஆண்டுகளுக்கு முன் மனிதனோடு பழகிய குதிரைகளின் சந்ததிதான் இன்று உலகெங்கும் இருக்கும் வீட்டுக் குதிரைகள் என்று, 2021-ம் ஆண்டு வெளியான மரபணு ஆய்வு ஒன்று சொல்கிறது. அங்கிருந்து அவை தேர் இழுத்துக்கொண்டும், வீரர்களைச் சுமந்துகொண்டும் நாலா திசையும் பரவின. வேதத்தில் சூரியனின் தேரை இழுத்தன. அசுவினி தேவர்களுக்குப் பெயர் கொடுத்தன.

தமிழகத்துக்குக் குதிரை பெரும்பாலும் கடல் வழியாகத்தான் வந்தது. காவிரிப்பூம்பட்டினத்தில் கப்பலில் வந்து இறங்கிய குதிரைகளைப் பட்டினப்பாலை சொல்கிறது. மரக்காணத்துக்கு வடக்கே, மாமல்லபுரம் பக்கம் என்று கருதப்படும் நீர்ப்பெயற்று என்ற துறையில், பால் போன்ற வெள்ளைப் பிடரி கொண்ட குதிரைகளைக் கப்பல்கள் கொண்டுவந்ததைப் பெரும்பாணாற்றுப்படை சொல்கிறது. நினைத்துப் பாருங்கள்... புல்வெளியில் காற்றாகப் பாய்ந்த பிராணி, கப்பலில் கட்டுண்டு, அலையில் தள்ளாடி, பல நாட்கள் பயணம் செய்து, உப்புக் காற்று வீசும் ஒரு கரையில் வந்து இறங்குகிறது. மண் புதிது. வெயில் புதிது. கொடுக்கும் தீனியும் புதிது. அப்படி வந்த விருந்தாளியை நாம் எப்படி உபசரித்தோம்?

பொன் கொடுத்தோம், புல் கொடுத்தோமா?

1290-களில் பாண்டிய நாட்டுக்கு வந்தவர் வெனிஸ் நகர யாத்ரிகர் மார்க்கோ போலோ. அவர் எழுதி வைத்திருப்பதைப் படித்தால் மனம் கனத்துப் போகும். பாண்டிய மன்னன் ஆண்டுக்கு 2,000 குதிரைகளுக்கு மேல் வாங்குகிறான். அவனுடைய சகோதரர்களும் அப்படியே வாங்குகிறார்கள். ஹோர்முஸ், ஏடன் போன்ற துறைகளிலிருந்து வணிகர்கள் கொண்டுவருகிறார்கள். ஆனால், ஆண்டு முடிவில் அவற்றில் நூறு குதிரைகள்கூட மிஞ்சுவதில்லையாம்! காரணம்? குதிரையைப் பராமரிக்கத் தெரிந்தவர்கள் இங்கே இல்லை. சமைத்த சோற்றையும் இறைச்சியையும் அவற்றுக்குத் தீனியாகப் போடுகிறார்கள். வைத்தியம் தெரிந்தவர்களை வணிகர்கள் அழைத்து வருவதில்லை, வரவும் விடுவதில்லை. குதிரைகள் பிழைத்துவிட்டால் அடுத்த ஆண்டு வியாபாரம் என்னாவது?

அதே காலத்தைப் பற்றி எழுதிய பாரசீக வரலாற்று ஆசிரியர் வஸ்ஸாஃப், ஒரு குதிரைக்கு 220 பொன் தினார் விலை என்று குறித்திருக்கிறார். வழியில் கடலில் இறந்துபோன குதிரைக்கும் சேர்த்துப் பணம் கொடுத்தார்களாம்.

வெளிநாட்டார் எழுதியதில் சற்று மிகை இருக்கலாம். ஆனால், குதிரையை அறிந்தவர்கள் ஒன்று சொல்வார்கள். குதிரைக்கு வயிறு மிகவும் மென்மையானது. ஒவ்வாததைத் தின்றால் வாந்தி எடுத்து வெளியேற்றிக்கொள்ள அதனால் முடியாது. வயிற்று வலியிலேயே துடித்துச் செத்துப்போகும். அந்தச் சோற்றைப் போட்டவர் கெட்ட எண்ணத்தில் போட்டிருக்க மாட்டார். தனக்கு எது உயர்ந்த உணவோ அதையே போட்டார். ஆனால், குதிரைக்கு எது வேண்டும் என்று அவர் கேட்கவில்லை. நம் அன்பிலும் பல நேரம் இதே குறைதான் இருக்கிறது, இல்லையா?

மாணிக்கவாசகர் சரித்திரம் உங்களுக்குத் தெரியும். அரிமர்த்தன பாண்டியன், தன் அமைச்சரான வாதவூரரிடம் கஜானாப் பொன்னைக் கொடுத்துக் குதிரை வாங்க அனுப்பினான். திருப்பெருந்துறையில் குருந்த மரத்தடியில் குருநாதராக அமர்ந்திருந்தார் சிவபெருமான். அவரைக் கண்டதும் வாதவூரருக்கு அரசனும் மறந்தான், குதிரையும் மறந்தது. பொன் எல்லாம் திருப்பணிக்குப் போனது. பிறகு ஆவணி மூலத்தன்று நரிகள் பரிகளாகி வந்ததும், சொக்கநாதர் குதிரைச் சேவகனாக முன்னே ஏறி வந்ததும், அன்றிரவே அவை மறுபடி நரிகளாகி லாயத்தில் இருந்த பழைய குதிரைகளைக் கடித்துக் குதறியதும் நாம் கேட்ட கதைதான். மதுரையில் ஆண்டுதோறும் ஆவணி மூலத் திருவிழாவில் இந்த லீலை நடக்கிறது.

இதில் நாம் கவனிக்காமல் போகும் இடம் ஒன்று உண்டு. அரசன் கோபப்பட்டான். எதற்காக? ஏமாந்துபோன பொன்னுக்காக. அமைச்சரைச் சுடுமணலில் நிறுத்தினான். கடிபட்டு லாயத்தில் கிடந்த குதிரைகளுக்கு யார் மருந்து போட்டார்கள்? கதை கேட்கும் நாமும் அதைக் கேட்டதில்லை. அன்று அரசனின் கண் எங்கே இருந்ததோ, அங்கேதான் நம் கண்ணும் இருந்திருக்கிறது.

பார்த்தனுக்குச் சாரதி, பரிகளுக்குத் தாய்

இப்போது, குழந்தையின் கேள்விக்கு நேரான பதிலுக்கு வருகிறேன். மகாபாரதத்தில் துரோண பர்வம். யுத்தத்தின் பதினான்காம் நாள். அபிமன்யுவை இழந்த அர்ஜுனன், சூரியன் மறைவதற்குள் ஜயத்ரதனைக் கொல்வேன், இல்லாவிட்டால் தீப்புகுவேன் என்று சபதம் செய்திருக்கிறான். ஒவ்வொரு விநாடியும் முக்கியம். எதிரே கௌரவ சேனை கடலாக நிற்கிறது.

பாதி வழியில் தேர்க் குதிரைகள் களைத்துப் போகின்றன. உடம்பெல்லாம் அம்பு தைத்திருக்கிறது. தாகம். கண்ணன் என்ன செய்தார் தெரியுமா? 'உன் சபதம் முக்கியம், குதிரை செத்தால் வேறு குதிரை பூட்டிக்கொள்ளலாம்' என்று சாட்டையை ஓங்கவில்லை. 'அர்ஜுனா, குதிரைகள் களைத்துவிட்டன. அவற்றுக்குத் தண்ணீர் வேண்டும்' என்ற பொருளில் பேசினார். அர்ஜுனனும் மறுக்கவில்லை. தேரைவிட்டு இறங்கித் தரையில் நின்றே சேனையைத் தடுத்தான். பூமியை அம்பால் துளைத்து நீர்நிலை உண்டாக்கினான். அம்புகளாலேயே கூடாரம் அமைத்துக் கொடுத்தான்.

அந்த நிழலில், பகவான் குதிரைகளை நுகத்திலிருந்து அவிழ்த்தார். தைத்திருந்த அம்புகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கினார். தம் திருக்கரங்களால் அவற்றின் உடம்பைத் தேய்த்துவிட்டார். தண்ணீர் காட்டினார். தீனி கொடுத்தார். அவை தரையில் புரண்டு அலுப்புத் தீரும் வரை பொறுத்திருந்தார். அதற்குப் பிறகுதான் மறுபடி தேரில் பூட்டினார்.

யோசித்துப் பாருங்கள். நடப்பது உயிரைப் பணயம் வைத்த யுத்தம். சூரியன் மேற்கே சாய்ந்துகொண்டிருக்கிறது. எந்தக் கரத்தால் கோவர்த்தன மலையைத் தூக்கினாரோ, அந்தக் கரத்தால் குதிரைக்குத் தேய்த்துவிடுகிறார் பரமாத்மா! திருவல்லிக்கேணியில் பார்த்தசாரதியாகச் சேவை சாதிக்கும் பெருமாளின் திருமுகத்தைத் தரிசிக்கும்போது, இந்தக் காட்சியையும் சேர்த்து நினைத்துக்கொள்ளுங்கள். கீதை சொன்ன அதே சாரதிதான் குதிரைக்குத் தண்ணீரும் காட்டினார்.

ஆக, குதிரைக்குக் கால் வலிக்கும். சாமியின் தேரை இழுத்தாலும் வலிக்கும். 'சாமி குதிரைக்கு வலிக்குமா?' என்று நாம்தான் சிரிக்கிறோம். சாமி சிரிக்கவில்லை.

காதில் ஓதிய மந்திரம்

சைவத்திலும் இதற்கு இணையான ஒரு காட்சி உண்டு. ஆடி சுவாதியன்று திருவஞ்சைக்களத்தில் சுந்தரமூர்த்தி நாயனார் வெள்ளை யானை மீது கயிலைக்குப் புறப்பட்டார். அவருடைய தோழர் சேரமான் பெருமாள் நாயனார் அதை அறிந்தார். நண்பரைப் பிரிந்து இருக்க முடியுமா? தம் குதிரையில் ஏறினார். கயிலைக்குக் குதிரை போகுமா? சேரமான் அதை அடிக்கவில்லை, குதிமுள்ளால் குத்தவில்லை. குனிந்து அதன் காதில் திருவைந்தெழுத்தை ஓதினார். குதிரை வானில் எழும்பியது. சுந்தரர் ஏறிச் சென்ற யானையை வலம் வந்து, அதற்கு முன்னே சென்றது என்கிறார் சேக்கிழார் பெருமான்.

மந்திர உபதேசம் யாருக்குச் செய்வார்கள்? சீடனுக்குச் செய்வார்கள். சேரமான், தம்மைச் சுமக்கும் பிராணியைச் சீடனாக்கி, அதையும் கயிலைக்கு அழைத்துப் போனார். சுமக்கிறவனைக் கீழே விட்டுவிட்டுத் தான் மட்டும் கரை சேர நினைக்கவில்லை.

இதில் இன்னும் ஒரு விசேஷம். கயிலையில் சேரமான் பாடிய திருக்கயிலாய ஞான உலாவை அங்கே இருந்து கேட்டவர் மாசாத்தனார். அவரே அதைத் திருப்பிடவூரில் வந்து வெளிப்படுத்தினார் என்பது பெரியபுராணம். மாசாத்தனார் என்றால் யார்? சாஸ்தா. நம் ஐயனார்தான்! ஐந்தெழுத்துக் கேட்ட குதிரை கயிலைக்கு வந்த நாளில், அங்கே அவர் இருந்தார் என்று எண்ணும்போது மனம் சிலிர்க்கிறது. நம் ஊர் எல்லையில் அவர் பக்கத்தில் குதிரை நிற்பதைப் பார்க்கும்போது இதையும் நினைத்துக்கொள்ளலாம்.

செஞ்சியில் ஒரு சமாதி

மரக்காணம் இருக்கும் இதே விழுப்புரம் மாவட்டத்தில்தான் செஞ்சிக்கோட்டை இருக்கிறது. 2025-ல் யுனெஸ்கோவின் உலக பாரம்பரியப் பட்டியலில் இடம்பெற்ற பெருமை அதற்கு உண்டு. அங்கே ஆண்ட ராஜா தேசிங்கின் கதையைக் கேட்காத கிராமம் வட தமிழகத்தில் இருக்காது.

தேசிங்கு, சிங்கவரம் குன்றில் பள்ளிகொண்டிருக்கும் ரங்கநாதரின் பக்தர். 1714-ல் ஆற்காட்டு நவாப் சாதத்துல்லா கானின் பெரும்படை வந்தபோது, பெருமாளிடம் உத்தரவு கேட்கப் போனாராம். பெருமாள் 'போகாதே' என்பதுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டார் என்பது அங்கே சொல்லப்படும் ஐதீகம். ஆனாலும், சில நூறு வீரர்களோடு குதிரை ஏறிப் போனார் தேசிங்கு. திரும்பி வரவில்லை. அவருக்குத் தோள் கொடுத்த தோழர் மகமத்கானும் போரில் மடிந்தார். தேசிங்கின் குதிரை பாராசாரியையும் மக்கள் மறக்கவில்லை. கதைப்பாடலாகப் பாடிப் பாடி அதன் பெயரை முந்நூறு ஆண்டுகளாகக் காப்பாற்றி வைத்திருக்கிறார்கள். செஞ்சி வட்டாரத்தில் நீலாம்பூண்டியில், தோழருக்கும் குதிரைக்கும் சமாதி இருப்பதை ஊரார் இன்றும் காட்டுகிறார்கள்.

ராஜா ஓர் இந்து. தோழர் ஓர் இஸ்லாமியர். அவர்களைச் சுமந்த குதிரையை எந்த மதத்தில் சேர்ப்பது? ஜனங்கள் அதைப் பற்றியெல்லாம் யோசிக்கவில்லை. கூடவே வந்தது, கூடவே செத்தது, மண் கொடுத்து மரியாதை செய்வோம் என்று செய்தார்கள். லாயத்தில் நூற்றுக்கணக்கில் சாகவிட்ட அதே தமிழ் மண்ணில்தான் இதுவும் நடந்திருக்கிறது.

உப்பும் வியர்வையும்

மறுபடி உப்பளத்துக்கு வருவோம். 'உப்பிட்டவரை உள்ளளவும் நினை' என்பது நம் பழமொழி. இதைச் சோறு போட்டவர்களுக்கு நன்றி சொல்வதாக மட்டுமே எடுத்துக்கொள்கிறோம். மரக்காணத்து வெயிலில், மரப்பலகையால் உப்பை வாரிக் குவிக்கும் ஆண்களையும் பெண்களையும் ஒரு முறை நின்று பாருங்கள். முதுகில் வழியும் வியர்வை காய்ந்து வெள்ளையாகப் படிந்திருக்கும். நம் இலையில் விழும் உப்புக்கு, அவர்கள் உடம்பிலிருந்து உப்புப் போயிருக்கிறது.

குதிரைக்கும் இதே கதைதான். மனிதனைப் போல உடம்பெல்லாம் வியர்த்துச் சூட்டைத் தணித்துக்கொள்ளும் பிராணிகள் வெகு சில. அவற்றில் குதிரை ஒன்று. அதன் வியர்வையில் உப்பு நிறையப் போய்விடும். அதனால்தான் குதிரை வளர்ப்பவர்கள் லாயத்தில் உப்புக்கட்டி கட்டி வைப்பார்கள். சும்மா நிற்கும் குதிரைக்கே ஒரு நாளைக்குச் சுமார் 30 கிராம் உப்பு தேவை. வெயிலில் உழைத்தால் இன்னும் அதிகம். நமக்காக வியர்க்கிற பிராணிக்கு, இழந்த உப்பையாவது நாம் திருப்பிக் கொடுக்க வேண்டாமா? உப்பிட்டவரை நினைப்பதுபோல, நமக்காக உப்பை இழந்தவரையும் உள்ளளவும் நினைக்க வேண்டும். உப்பளத்தில் நிற்பவருக்கும் இது பொருந்தும். வண்டி இழுக்கும் பிராணிக்கும் பொருந்தும்.

மனிதன் குதிரையைச் சுமக்கும் நாள்

இந்த நன்றியைக் கிராமத்து ஜனங்கள் ஒரு திருவிழாவாகவே வைத்திருக்கிறார்கள். அதுதான் 'புரவி எடுப்பு'. புதுக்கோட்டை, சிவகங்கைச் சீமையில் இது இன்றும் கோலாகலமாக நடக்கிறது.

முதலில் ஊர்ப் பெரியவர்கள் மண்பாண்டம் செய்யும் வேளாரிடம் ஒரு பிடி மண் எடுத்துக் கொடுப்பார்கள். 'பிடிமண் கொடுத்தல்' என்று பெயர். அந்த மண்ணோடு களிமண் சேர்த்துப் பிசைந்து, விரதம் இருந்து குதிரை செய்வார் வேளார். முதலில் தூண் போல நான்கு கால்கள். பிறகு வயிறு, கழுத்து, தலை. சூளையில் சுட்டு எடுத்து, வண்ணம் தீட்டி, திருவிழா அன்று கண் திறப்பார்கள். மாலை, வேட்டி சாத்தி, தாரை தப்பட்டை முழங்க, மூங்கில் கட்டித் தோளில் தூக்கிக்கொண்டு ஐயனார் கோயிலுக்குப் புறப்படுவார்கள். சுட்ட மண் குதிரை என்ன, லேசான எடையா? பலர் சேர்ந்து தூக்குவார்கள். தோள் மாற்றித் தோள் மாற்றி, வயல் வரப்பிலும் கண்மாய்க் கரையிலும் நடப்பார்கள். தோள்பட்டை சிவந்து கன்றிப்போகும்.

ஏன் இத்தனை சிரமம்? வண்டியில் ஏற்றினால் அரை மணியில் போய்விடலாமே என்று கேட்கத் தோன்றும். இங்கேதான், அன்பர்களே, அந்தக் குழந்தைக்கான முழுப் பதில் இருக்கிறது. வருடமெல்லாம், காலமெல்லாம் குதிரை மனிதனைச் சுமந்தது. இந்த ஒரு நாள், மனிதன் குதிரையைச் சுமக்கிறான்! சுமப்பது என்றால் என்ன என்று தன் தோளில் தெரிந்துகொள்கிறான்.

பெருமாள் கோயில் பிரம்மோற்சவத்தில் குதிரை வாகனம் வரும்போதும் இதையே பார்க்கலாம். சித்திரைப் பௌர்ணமியில் கள்ளழகர் தங்கக் குதிரையில் வைகையில் இறங்குகிறார். மேலே பெருமாள், அவருக்குக் கீழே குதிரை, குதிரைக்கும் கீழே? வாகனம் சுமக்கும் பாதம்தாங்கிகளின் தோள்கள். நம் முன்னோர் அந்தத் தோளுக்குத் தனி மரியாதை வைத்தார்கள். 'ஸ்ரீபாதம் தாங்குவார்' என்று பட்டம் கொடுத்தார்கள். சுமப்பதைத் தாழ்வாக அவர்கள் நினைக்கவில்லை.

இன்னொன்றும் கவனியுங்கள். ஐயனாருக்குக் கொடுத்த மண் குதிரையைத் திரும்ப எடுத்து வருவதில்லை. அது அங்கேயே வெயிலிலும் மழையிலும் நிற்கும். வருடங்கள் போகப் போகக் காது விழும், கால் உதிரும், கடைசியில் மண்ணோடு மண்ணாகும். யாரும் அதில் ஏறுவதில்லை, வேலை வாங்குவதில்லை. உழைத்தது போதும், இனி சாமி பக்கத்தில் சும்மா நில் என்று கொடுக்கும் ஓய்வு அது.

நாம் என்ன செய்யலாம்?

கேட்டதோடு போகக் கூடாது, அன்பர்களே. உயிருள்ள குதிரை இன்றும் நம்மிடையே இருக்கிறது. கடற்கரையில் குழந்தைகளைச் சவாரி ஏற்றிக்கொண்டு நிற்கிறது. கல்யாண ஊர்வலத்தில் மாப்பிள்ளையைச் சுமக்கிறது. சில திருவிழாக்களில் சாமிக்கு முன்னே வருகிறது. மண் குதிரைக்கு மாலை போட்டுவிட்டு, உயிர்க் குதிரையின் புண்ணைப் பார்க்காமல் போனால் ஐயனார் ஏற்றுக்கொள்வாரா?

அடுத்த முறை குழந்தை குதிரை ஏற ஆசைப்பட்டால், முதலில் குதிரையை ஒரு சுற்றுப் பாருங்கள். முதுகில், வாயோரத்தில், காலில் புண் இருக்கிறதா? நொண்டுகிறதா? இருந்தால் ஏற்றாதீர்கள். காயம்பட்ட, வேலைக்குத் தகுதியில்லாத பிராணியை வேலை வாங்குவது, 1960-ம் ஆண்டின் பிராணிகள் வதைத் தடுப்புச் சட்டப்படி குற்றம். அதற்காகக் குதிரைக்காரரிடம் சண்டைக்குப் போக வேண்டாம். அவரும் அந்தக் குதிரையை நம்பித்தான் பிழைக்கிறார். ''அண்ணே, தண்ணி காட்டிட்டீங்களா? கொஞ்சம் நிழல்ல நிறுத்துங்களேன்'' என்று அன்பாகச் சொல்லுங்கள். சவாரிக்குக் கொடுக்க நினைத்த காசை, 'இதுக்குப் புல்லு வாங்கிப் போடுங்கண்ணே' என்று கொடுங்கள். வள்ளல் காரி கொடுத்ததும் இந்த இரண்டும்தானே: ஒரு பொருள், ஒரு குளிர்ந்த சொல்.

ஊர்வலத்தில் குதிரைக்குப் பக்கத்தில் வெடி வெடிக்காதீர்கள். அதற்குக் காது மிகவும் கூர்மை. சேரமான் ஐந்தெழுத்து ஓதிய காது அது. கையில் இருக்கும் தின்பண்டத்தையெல்லாம் நீட்டாதீர்கள். பாசத்தில் போட்ட சோறுதான் பாண்டியன் லாயத்தில் அத்தனை குதிரைகளுக்கு எமனானது. அதற்கு எது ஆகும் என்று வளர்ப்பவரைக் கேட்டுக் கொடுங்கள்.

வீட்டிலும் இதை நினைத்துக்கொள்ளலாம். நம்மைச் சுமப்பவர்கள் குதிரைகள் மட்டும் அல்ல. விடிவதற்கு முன் எழுந்து அடுப்படியில் நிற்கும் அம்மா, மூட்டை தூக்கும் தொழிலாளி, உப்பு வாரும் கைகள்... 'அவங்களுக்கு இது பழக்கம்தான், வலிக்காது' என்று எத்தனை முறை சொல்லியிருப்போம்! பழகிவிட்டால் சொல்ல மாட்டார்கள், அவ்வளவுதான். வலி போய்விடாது.

மரக்காணம் பக்கம் போனால், உப்பளக் கரையில் ஒரு நிமிடம் நின்றுவிட்டுப் போங்கள். கீழ்ப்புத்துப்பட்டில் ஐயனாரைத் தரிசித்துவிட்டு, வெளியே வரும்போது குதிரையின் முன்னாலும் நில்லுங்கள். அவரிடம் கேட்க நமக்கு ஆயிரம் இருக்கும். குதிரையிடம் எதுவும் கேட்க வேண்டாம். அந்தக் குழந்தை தொட்டுப் பார்த்ததே, அதுபோல அதன் காலை ஒரு முறை தொட்டுவிட்டு வாருங்கள்.

உங்களோடு பேரனோ பேத்தியோ வந்து, 'குதிரைக்குக் கால் வலிக்காதா?' என்று கேட்டால் சிரித்துவிடாதீர்கள்.

''வலிக்கும்மா. அதனாலதான் வருஷத்துல ஒரு நாள் நாம அதைத் தூக்கிக்கிட்டு நடக்கிறோம்'' என்று சொல்லுங்கள்.